வீட்டைக் கட்டிப்பார் சரி, மனையை?

மக்களே, இது கொஞ்சம் நீளமான பதிவு. காபியோ டீயோ எடுத்துக்கிட்டு உட்காருங்க. மொக்கை இல்லை, சத்தியமா வரலாறுதான் :-)

"வீட்டைக் கட்டிப்பார், கல்யாணம் பண்ணிப்பார்" என்று நம்ம ஆளுங்க சொல்லி வச்சிருக்காங்க. ரெண்டும் எவ்வளவு கஷ்டம்னு தெரிஞ்சவங்க சொன்னது. ஆனா ஒண்ணு கவனிச்சீங்களா? கட்டிப்பார்னுதான் சொன்னாங்க, மனை வாங்கிப்பார்னு சொல்லலை. இன்னிக்கு விராலிமலையில ஒரு ஆலையில வேலை பார்க்கிற பையன்கிட்ட போய் எது கஷ்டம்னு கேளுங்க. "கட்டறது அப்புறம் சார், மொதல்ல மூணு சென்ட் இடம் வாங்கணும்ல"ன்னு சொல்லுவான். பழமொழி உண்டான காலத்துக்கும் இந்தப் பையனுக்கும் நடுவுல என்ன நடந்ததுங்கிறதுதான் இந்தப் பதிவு. அதுல அரசாங்கத்தோட பங்கு நிறைய இருக்கு.

நத்தம்னு ஒண்ணு இருந்தது

பழமொழியில மனை இல்லாததுக்குக் காரணம், கிராமத்துல மனைங்கிறது பெரும்பாலும் கடைச்சரக்கா இல்லாததுதான். ஊர்ல நன்செய், புன்செய், ஏரி, மேய்ச்சல், சுடுகாடு என்று பிரிச்ச மாதிரி, குடியிருக்கிறதுக்குன்னு ஒரு இடம் இருந்தது. அதுக்குப் பேர் நத்தம். தஞ்சைப் பெரிய கோயில்ல ராஜராஜன் கொடுத்த ஊர்களைப் பற்றின கல்வெட்டுகளைப் பார்த்தா, வரி இல்லாத நிலம் எதெதுன்னு ஒரு பட்டியலே இருக்கும். அதுல ஊர்நத்தம் வரும். கம்மாணசேரி, பறைச்சேரி எல்லாம் தனித்தனியா வரும். அதாவது ஆயிரம் வருஷத்துக்கு முன்னாடியே ரெண்டு விஷயம் முடிவாயிடுச்சு. ஒண்ணு, குடியிருக்கிற இடத்துக்கு வரி கிடையாது. ரெண்டு, யார் எங்கே குடியிருக்கணும்கிறது சாதி பார்த்துத்தான். முதல் சமாச்சாரத்தை மட்டும் சொல்லிட்டு "ஆஹா, அந்தக் காலம்"னு பெருமூச்சு விட நமக்கு உரிமை இல்லை.

பிரிட்டிஷ்காரன் 1905-ல நில ஆக்கிரமிப்புச் சட்டம் போட்டு, ரோடு, ஆறு, புறம்போக்கு எல்லாம் சர்க்கார் சொத்துன்னு அறிவிச்சான். அப்பவும் நத்தத்துல இருக்கிற வீட்டு மனையை விட்டுட்டான். இன்னிக்கும் நீதிமன்றங்கள்ல நத்தம் வழக்குன்னு வந்தா வக்கீல்கள் கையில எடுக்கிற ஆயுதம் இதுதான்: "நத்தம் அரசாங்கத்தோடது இல்லை, குடியிருக்கிறவனோடது".

விராலிமலை அப்போ புதுக்கோட்டை சமஸ்தானம். மாகாணத்துச் சட்டம் நேரா இங்கே செல்லாது. சமஸ்தானத்துல வீடு சம்பந்தமா எனக்குப் பிடிச்ச கதை 1812-ஆம் வருஷத் தீ விபத்து. புதுக்கோட்டை நகரமே எரிஞ்சு போச்சு. அப்புறம் தஞ்சாவூர் ரெசிடென்டா இருந்த பிளாக்பர்னோட யோசனையில் நேர்நேரான வீதிகள் போட்டு ஊரைத் திரும்பக் கட்டினாங்க. இன்னிக்கும் புதுக்கோட்டையில கீழ ஒண்ணு, கீழ ரெண்டு, கீழ மூணுன்னு வீதி எண்ணிக்கிட்டே போகலாம். நம்ம பக்கத்துல அரசாங்கம் உட்கார்ந்து திட்டம் போட்டு அமைச்ச முதல் குடியிருப்புன்னே அதைச் சொல்லலாம்.

அந்த நூற்றாண்டின் கடைசியில திவானா இருந்த சேஷய்யா சாஸ்திரி, அமானி முறையை ஒழிச்சார். அமானின்னா விளைச்சல்ல பங்கு. சர்க்கார் ஆள் வந்து பார்க்காம கதிர் அறுக்க முடியாது. அதுக்குப் பதிலா பணமா வரி கட்டற முறை வந்தது. நிலம் காசுக் கணக்குக்குள்ள நுழைஞ்சது அப்பத்தான். ஆனா மனை இன்னும் நுழையலை. 1948 மார்ச்சுல சமஸ்தானம் இந்தியாவோட சேர்ந்து திருச்சி மாவட்டத்துல ஒரு பகுதியாச்சு. 1974 ஜனவரியில புதுக்கோட்டை தனி மாவட்டமாச்சு.

அடுத்தவன் இடத்துல என் வீடு

நத்தத்துல இடம் இல்லாத ஆட்கள் எங்கே இருந்தாங்க? பண்ணையார் இடத்துல. கூரையும் சுவரும் தன்னோடது, கீழே இருக்கிற மண் அவரோடது. கூலி கூடக் கேட்டா "குடிசையைப் பிரிச்சு எடுத்துக்கிட்டுப் போ"ன்னு ஒரே வார்த்தை. கூலிப் போராட்டத்தை உடைக்க இதைவிட மலிவான ஆயுதம் கிடையாது. 1968 டிசம்பர் 25 அன்னிக்குக் கீழ்வெண்மணியில ஒரு குடிசைக்குள்ள 44 பேர் எரிஞ்சு செத்தாங்களே, அந்தத் தகராறும் கூலியில ஆரம்பிச்சதுதான்.

1961-லயே குடியிருப்புதாரர்களை வெளியேற்றக் கூடாதுன்னு ஒரு பாதுகாப்புச் சட்டம் வந்தது. 1971-ல அடுத்த படி போய், விவசாயத் தொழிலாளி குடியிருக்கிற அந்த மனையை அவருக்கே சொந்தமாக்கற சட்டம் வந்தது. என்னைக் கேட்டா, தமிழ்நாட்டோட வீட்டு வரலாற்றுல முக்கியமான சட்டம் இதுதான். ஆனா இதைப் பற்றிப் பேச ஆள் இல்லை. ஏன்னா இதுல அரசாங்கம் ஒரு செங்கல் கூட எடுத்து வைக்கலை. திறப்பு விழா இல்லை, கல்வெட்டு இல்லை, சுவர்ல படம் இல்லை. மண் யாரோடதுங்கிற கேள்விக்கு மட்டும் பதில் சொல்லிட்டுப் போயிடுச்சு.

நகரத்துலயும் இதே கதைதான். 1921-ல சென்னை நகரக் குடியிருப்போர் பாதுகாப்புச் சட்டம்னு ஒண்ணு. அடுத்தவர் மனையில வாடகைக்கு இருந்துக்கிட்டு தன் காசுல கட்டடம் கட்டினவர், நீதிமன்றம் போய் அந்த மனையை விலைக்கு வாங்கிக்கலாம். பிற்பாடு மற்ற ஊர்களுக்கும் இது நீண்டது. 1996-ல கோயில் மாதிரி சமய அமைப்புகளோட நிலத்துக்கு இது பொருந்தாதுன்னு திருத்தினாங்க. ஸ்ரீரங்கத்துல அடிமனைப் பிரச்சனைன்னு கேள்விப்பட்டிருப்பீங்க. மேலே இருக்கிற வீடு என்னோடது, கீழே இருக்கிற மண் பெருமாளோடது. விக்கவும் முடியாம, கடன் வாங்கவும் முடியாமத் தலைமுறை தலைமுறையா இருக்கிறவங்க.

தீ எரிஞ்ச ரெண்டு ஊர்

சென்னையில 1940-களின் நடுவுல நகர மேம்பாட்டு டிரஸ்ட்னு ஒண்ணு ஆரம்பிச்சாங்க. சிஐடி நகர், சிஐடி காலனின்னு இன்னிக்கும் பேர் இருக்கே, அந்த சிஐடி இதுதான். போலீஸ் சிஐடி இல்லை :-) 1961-ல வந்த சட்டத்தால அது மாநிலம் முழுக்க வீட்டுவசதி வாரியமா ஆச்சு. 1970-ல குடிசை மாற்று வாரியம் (2021-ல நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம்னு பேர் மாத்தினாங்க). வாரியத்தோட வேலை இடம் எடுத்து, வீடோ மனையோ ஆக்கி, வருமானத்தைப் பார்த்து ஒதுக்கறது. குறைந்த வருவாய், நடுத்தர வருவாய், உயர் வருவாய்னு வகை வகையா. நம்ம அப்பா தலைமுறை அரசு ஊழியர்கள் பல பேருக்குச் சொந்த வீடு கிடைச்சது இந்த வழியிலதான்.

இதே காலத்துல சிங்கப்பூரைப் பாருங்க. 1960-ல அங்கே வீட்டுவசதி வாரியம். 1961 மே மாதம் புக்கிட் ஹோ ஸ்வீ குடிசைப் பகுதியில பெரும் தீ. சுமார் 16,000 பேர் வீடு இழந்தாங்க. வாரியம் ரொம்பச் சீக்கிரம் அடுக்குமாடி கட்டி அவங்களைக் குடியேத்துச்சு. நம்ம புதுக்கோட்டை 1812 மாதிரிதான், தீ வந்தாத்தான் அரசாங்கத்துக்கு வேகம் வருது. ஆனா சிங்கப்பூர் வெற்றிக்குக் காரணம் அடுக்குமாடி இல்லைங்க. 1966-ல வந்த நில எடுப்புச் சட்டம். அதை வச்சு நாட்டு நிலத்துல பெரும் பங்கை அரசாங்கம் குறைஞ்ச விலைக்கு எடுத்துக்கிச்சு. வீட்டை 99 வருஷக் குத்தகையிலதான் கொடுக்கும். மண் கடைசி வரைக்கும் அரசாங்கத்தோடது. இன்னிக்கு அங்கே குடியிருக்கிறவங்கள்ல ஏறக்குறைய 100-க்கு 80 பேர் வாரிய வீட்டுலதான். அந்த ஊர்ல வேலை பார்க்கிற நம்ம பதிவர்கள் விலை ஏறிப் போச்சுன்னு புலம்பறாங்கதான், ஆனா நாம புலம்பற கதையே வேற.

நம்மகிட்டயும் ஒரு நல்ல பரிசோதனை நடந்தது. 1977-ல ஆரம்பிச்ச சென்னை நகர மேம்பாட்டுத் திட்டம், உலக வங்கிக் கடன்ல. அரும்பாக்கம், வில்லிவாக்கம், கொடுங்கையூர். அதுல வீடு கட்டிக் கொடுக்கிறதை விட்டுட்டு, மனை பிரிச்சு ரோடு, தண்ணி, சாக்கடை போட்டுக் கொடுத்தாங்க. ஏழைகளுக்குச் சின்ன மனை, கொஞ்சம் வசதியானவங்களுக்குப் பெரிய மனை, கடைக்கு ஒதுக்கினதைச் சந்தை விலைக்கு விக்கிறது, அந்த லாபத்துல சின்ன மனை விலையைக் குறைக்கிறது. வீட்டை அவங்கவங்க கையில காசு வர வரக் கட்டிக்கட்டும். அப்போ பல பேரு "என்னய்யா இது, பாதி காலியாக் கிடக்குது"ன்னாங்க. இருபது வருஷத்துக்கு மேல கழிச்சுத் திரும்பப் போய்ப் பார்த்த ஆய்வாளர்கள், எல்லா வருமானக்காரங்களும் கலந்து வாழற நல்ல குடியிருப்பா வளர்ந்திருக்குன்னு எழுதினாங்க. ஆனா அதுக்குள்ள அந்த வழியையே உலக வங்கியும் நம்ம அரசாங்கமும் கைவிட்டாச்சு.

தொகுப்பு வீடும் காலனியும்

சரி, ஊருக்குத் திரும்புவோம். கிராமத்துல அரசாங்க வீடுன்னா "தொகுப்பு வீடு". 1985-86-ல ஆரம்பிச்ச இந்திரா குடியிருப்புத் திட்டம்தான் இதுல பெருசு. மத்தியத் தொகை எப்படி ஏறிச்சுன்னு பாருங்க: சமவெளிப் பகுதிக்கு 2008 வரைக்கும் 25,000 ரூபாய். 2008-ல 35,000. 2010-ல 45,000. 2013-ல 70,000. 2016-ல பிரதமர் பேரால மாறினப்போ 1,20,000. இதுக்கு மேல கான்கிரீட் கூரைக்குன்னு மாநில அரசு தன் பங்கா கொஞ்சம் போடும்.

மாநிலத்தோட சொந்தத் திட்டங்கள் வேற. 2010-ல கலைஞர் வீடு வழங்கும் திட்டம்: 21 லட்சம் குடிசைகளை 6 வருஷத்துல கான்கிரீட் வீடாக்கறது, வீட்டுக்கு 75,000. 2011-ல ஆட்சி மாறிச்சு, திட்டமும் மாறிச்சு. வருஷத்துக்கு 60,000 பசுமை வீடு, 300 சதுரடி, சூரிய விளக்கோட 1,80,000. 2024-ல கலைஞரின் கனவு இல்லம்: 360 சதுரடி, 3,50,000, 2030-க்குள்ள 8 லட்சம் வீடு. ஆட்சி மாறும்போது பாதியில நின்ன அஸ்திவாரங்களைப் பார்க்காத ஊர் உண்டா? அதைப் பற்றி எழுத ஆரம்பிச்சா அரசியல் உள்குத்துன்னு வந்து நிப்பீங்க. அதனால எஸ்கேப் :-)

நான் சொல்ல வர்றது வேற. இந்தத் தொகை எல்லாம் கூரைக்கும் சுவருக்கும். திட்டத்துல சேரணும்னா முதல் கேள்வி, "பட்டா இருக்கா?" நத்தத்துல தோராய பட்டாவா தூய பட்டாவா, புறம்போக்கா, அப்பா பேர்லயா, தாத்தா பேர்லயா? ஏரிக்கரையிலயும் வாய்க்கா ஓரத்துலயும் இருக்கிறவங்களுக்குத்தான் வீடு அவசரமா வேணும், ஆனா அவங்களுக்குத்தான் பட்டா கிடையாது. மனை வாங்கறதுக்குன்னு 2009-ல இந்திரா குடியிருப்புத் திட்டத்துல ஒரு பிரிவு சேர்த்தாங்க. ஒரு மனைக்கு 10,000 ரூபாய். நெடுஞ்சாலைப் பக்கம் இருக்கிற எந்த ஊர்லயாவது அந்தக் காசுக்கு மனை கிடைச்சிருந்தா பின்னூட்டத்துல சொல்லுங்க, நான் வந்து பார்க்கிறேன்.

இன்னொரு பக்க விளைவும் உண்டு. ஒரு ஒன்றியத்துல நூத்துக்கணக்குல ஒரே சமயத்துல வேலை உத்தரவு வந்தா என்ன ஆகும்? செங்கல் விலை ஏறும், கொத்தனார் கூலி ஏறும், மணல் கிடைக்காது. 2003-ல ஆத்து மணல் அள்ளறதை அரசே எடுத்துக்கிச்சு, இருந்தும் லோடு விலை ஏழைக்கு எட்டலை. அரசாங்கம் கொடுத்த உயர்வுல ஒரு பகுதி சேம்பர்க்காரர் கைக்கும் மணல் லாரிக்கும் போயிடும். மிச்சத்துக்கு வட்டிக்கு வாங்கித்தான் கூரை போடணும். "இலவச வீடு வாங்கிக் கடனாளி ஆனேன்"னு சொல்ற ஆளை எங்க பக்கத்துல எந்த டீக்கடையிலயும் பார்க்கலாம்.

அப்புறம், மனை கொடுத்தாங்களே அது எங்கே கொடுத்தாங்க? ஆதிதிராவிடர்களுக்கு மனை எடுக்கன்னே 1978-ல தனிச் சட்டம் வந்தது. நிலம் எடுத்தாங்க, வீடும் கட்டினாங்க, நல்ல காரியம். ஆனா அந்த இடம் அநேகமா ஊருக்கு வெளியேதான். "காலனி"ங்கிற ஆங்கிலச் சொல் சென்னையில கௌரவமான முகவரி. எங்க பக்கத்துல அதே சொல் சாதியைக் கேக்காமலே தெரிஞ்சுக்கிற வழி. ஊருக்குள்ள மனை எடுக்கப் போனா, பக்கத்து நிலத்துக்காரர் "என் இடத்து விலை விழுந்துடும்"னு முட்டுக்கட்டை போடுவார். சந்தை விலைங்கிறது என்னவோ வரவும் செலவும் மட்டும் பார்த்து முடிவாகறதுன்னு பாடப்புத்தகத்துல படிக்கிறோம். எங்க ஊர்ல அதுக்குச் சாதியும் தெரியும். பழைய கல்வெட்டுல இருந்த கோடு சர்வே வரைபடத்துக்குள்ள வந்துடுச்சு. 2025 ஏப்ரல்ல அரசு ஆவணங்கள்ல இருந்து "காலனி"ங்கிற சொல்லை எடுத்துடுவோம்னு முதல்வர் சட்டசபையில அறிவிச்சார். சொல்லை எடுத்தது சரிதான். இடம் அங்கேயேதான் இருக்கு.

இதை மாத்த ஒரே ஒரு திட்டம் முயற்சி பண்ணிச்சு: சமத்துவபுரம். 1998-ல மதுரை மாவட்டம் மேலக்கோட்டையில முதல் ஊர். 100 வீட்டுல 40 ஆதிதிராவிடர், 25 பிற்படுத்தப்பட்டோர், 25 மிகவும் பிற்படுத்தப்பட்டோர், 10 மற்றவர். குறை ஆயிரம் சொல்லலாம். ஆனா பக்கத்து வீட்டுக்காரர் யார்ங்கிறதையும் வீட்டுக் கொள்கையில சேர்த்து யோசிச்சதுக்கு ஒரு சபாஷ்.

நாலுவழிச் சாலை வந்த கதை

2000-களின் கடைசியில திருச்சி - மதுரை ரோடு நாலுவழி ஆச்சு. விராலிமலையில இருந்து திருச்சி முப்பது கிலோமீட்டர் சொச்சம். முருகனும் மயிலும் சுருட்டு நைவேத்தியமுமா இருந்த ஊரைச் சுத்தி ஆலைகள் வந்தது. ஐடிசி மாதிரி பெரிய ஆளுங்களும் வந்தாங்க. வேலை வந்தது, நல்லது. கூடவே மானாவாரிக் காட்டுல கல் நட்டு, வளைவு வச்சு, கலர் கொடி கட்டின "நகர்"களும் வந்தது. சுண்ணாம்பு அடிச்ச கல்லு மேல மயில் உட்கார்ந்திருக்கும். அந்த ஊர்ல இலவசமாக் குடியிருக்கிற கடைசி ஜீவன் அதுதான்.

1971-ஆம் வருஷ நகர் ஊரமைப்புச் சட்டப்படி, மனை பிரிக்க முறையான அனுமதி வேணும். ரோடு அகலம், பூங்காவுக்கு இடம்னு கணக்கு இருக்கு. பெரிய மனைப்பிரிவுன்னா பத்துல ஒரு பங்கு பொது இடமா விடணும். அதை எல்லாம் விட்டா லாபம் குறையும். அதனால "பஞ்சாயத்து அப்ரூவல்"னு ஒரு சரக்கு சந்தைக்கு வந்தது. பஞ்சாயத்துத் தலைவருக்கு அந்த அதிகாரமே கிடையாதுங்கிறது வாங்கறவருக்குத் தெரியாது. பதிவு அலுவலகத்துல பத்திரம் பதிஞ்சு முத்திரை குத்திக் கொடுத்துட்டா, "கவர்மெண்டே ஏத்துக்கிச்சு"ன்னுதானே நினைப்போம்?

எங்க சித்தப்பா ஒருத்தர் 2010 வாக்குல மாதத் தவணையில அப்படி ஒரு மனை வாங்கினார். வித்தவங்க பேர் வேண்டாம். வேன்ல கூட்டிட்டுப் போய், சாப்பாடு போட்டு, இடம் காட்டினாங்க. அவருக்கு அது வீடு கட்டற இடம் இல்லை, பொண்ணு படிப்புக்கான உண்டியல். 2016-ல காலேஜ் சேர்க்கும்போது வித்துக்கலாம்னு இருந்தார். ஆள் பார்த்து, விலை பேசி, அட்வான்ஸ் பேச்சு வரைக்கும் போயாச்சு. 2016 செப்டம்பர் 9-ஆம் தேதி, அங்கீகாரமில்லாத மனைகளைப் பதியக் கூடாதுன்னு சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவு போட்டது. ரெண்டே மாசத்துல நவம்பர் 8, பணமதிப்பிழப்பு. வாங்கறேன்னு சொன்னவர் போனையே எடுக்கலை. சித்தப்பா வட்டிக்கு வாங்கித்தான் ஃபீஸ் கட்டினார்.

நீதிமன்றத்துல வைக்கப்பட்ட வாதம் தப்பே இல்லை. விளைநிலமும் நீர்வழியும் மனையாகறதைத் தடுக்க யாராவது எப்பவாவது நிறுத்தித்தான் ஆகணும். ஆனா இத்தனை வருஷம் பத்திரம் பதிஞ்சு, முத்திரைத்தாள் காசு வாங்கினது யாரு? 2017 மே மாதம் வரன்முறைப்படுத்தற விதிகள் வந்தது. 2016 அக்டோபர் 20-க்கு முன்னாடி பதிவான மனைகளுக்குக் கட்டணம் கட்டிச் சரிபண்ணிக்கலாம். கட்டணத்தைக் கட்டினது யாரு? மனைப்பிரிவு போட்டு வித்துட்டுப் போனவரைத் தேடி யார் அலையறது, கடைசியில வாங்கினவர்தான் கட்டினார். இதுக்கு நடுவுல முறையான அனுமதி உள்ள மனைகளுக்குக் கிராக்கி கூடி, விலை இன்னும் ஒரு படி ஏறிச்சு. ஏழைக்கு எட்டின மலிவு மனை சந்தையில இருந்து போச்சு. அதுக்குப் பதிலா அரசாங்கம் மலிவா எதையும் கொண்டு வந்து வைக்கலை. தடை போடறது கொள்கையோட ஒரு பாதிதான், மறு பாதி வரவே இல்லை.

வழிகாட்டி மதிப்புங்கிற கண்ணாமூச்சி

கடைசியா கொஞ்சம் கணக்கு. பத்திரப் பதிவுக்கு அரசாங்கம் ஒரு வழிகாட்டி மதிப்பு வச்சிருக்கு. 2017 ஜூன் வரைக்கும் முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 1, ஆக 8 சதவீதம். அந்த ஜூன்ல மதிப்பை 33 சதவீதம் குறைச்சாங்க, பதிவுக் கட்டணத்தை 4 ஆக்கினாங்க. ஆக 11. பழைய மதிப்புல 100 ரூபாய்க்கு 8 ரூபாய் கட்டினவர், இப்போ 67 ரூபாய்க்கு 11 சதவீதம், அதாவது 7 ரூபாய் 37 காசு கட்டினார். 2023-ல மதிப்பைப் பழைய இடத்துக்கே கொண்டு போய், கட்டணத்தை 2 ஆக்கினாங்க. ஆக 9. குறைச்சது மாதிரி தெரியும், ஆனா அதே மனைக்கு 7.37 போய் 9 ஆச்சு. அப்புறம் வழக்கு நடந்து, 2024 ஜூலையில புது மதிப்புகளே வந்தது. 2025 ஏப்ரல்ல இருந்து 10 லட்சத்துக்குள்ள பெண்கள் பேர்ல வாங்கினா பதிவுக் கட்டணத்துல 1 சதவீதம் சலுகை. இது நிஜமாவே நல்ல விஷயம், தெரியாதவங்க தெரிஞ்சுக்கோங்க.

ஒரு பேச்சுக்கு, சதுரடி 500 ரூபாய்னு வச்சுக்குவோம். 3 சென்ட் கிட்டத்தட்ட 1,307 சதுரடி. விலை ஆறரை லட்சம். பதிவுச் செலவு மட்டும் 58,000-க்கு மேல. 2024-25-ல தமிழ்நாட்டுல நூறு நாள் வேலைக்குச் சம்பளம் ஒரு நாளைக்கு 319 ரூபாய். அந்த வேலையை மட்டும் நம்பி, ஒரு வேளை கூடச் சாப்பிடாம, மனையை மட்டும் வாங்க 2,048 நாள் ஆகும். வருஷத்துக்கு 100 நாள்னா 20 வருஷத்துக்கு மேல. அதுக்கப்புறம் மூணரை லட்சம் கனவு இல்லத்துக்கு விண்ணப்பம் போடலாம்!

என்னோட முடிவு இதுதான். நாற்பது வருஷமா நம்ம அரசாங்கங்கள் கட்டறதுக்குக் காசு கொடுத்துக்கிட்டே வந்திருக்கு, அந்தத் தொகையும் நல்லாவே ஏறியிருக்கு. ஆனா ரோடு போட்டதும் ஆலை வந்ததும் மண்ணோட விலையைத்தான் ஏத்துச்சு. அந்த ஏற்றம் முன்கூட்டித் தெரிஞ்சு வாங்கிப் போட்டவங்க பைக்குப் போச்சு. ரோடு போட்ட காசோ எல்லாரோடதும். தாத்தா காலத்து நத்தம் அதே அளவுலதான் இருக்கு, மூணு தலைமுறை பாகம் பிரிச்சு இப்போ ஆளுக்கு ஒரு சுவர்தான் மிச்சம்.

அதனால புதுசா நத்தம் வேணும், இந்த முறை சாதிக் கோடு இல்லாம. ஆலைக்கு நிலம் எடுக்கும்போதே, தொழிலாளிக்கும் உள்ளூர்க்காரனுக்கும் மனை பிரிக்க நிலம் எடுக்கணும். அரும்பாக்கத்துல 1977-ல தெரிஞ்சிருந்த வித்தையை விராலிமலைக்குக் கொண்டு வரணும். சின்ன மனை, பெரிய மனை, கடை எல்லாம் கலந்து, ரோடும் தண்ணியும் முதல்ல போட்டு. வீட்டை நம்ம ஜனங்க கட்டிக்குவாங்க. அதுல அவங்களுக்குப் பல தலைமுறை அனுபவம் இருக்கு.

உங்க ஊர் நத்தம் இப்போ எப்படி இருக்கு? தோராய பட்டா தூய பட்டா ஆச்சா? தொகுப்பு வீடு வாங்கினவங்க இன்னும் அதுல இருக்காங்களா? பின்னூட்டத்துல எழுதுங்க. அனானியா வந்தாலும் சரி, திட்டறதா இருந்தாலும் சரி, மேட்டரோட திட்டுங்க.

டிஸ்கி: சித்தப்பா மனை என்னாச்சுன்னு கேப்பீங்க. 2018-ல கட்டணம் கட்டி வரன்முறை பண்ணிட்டார். பொண்ணு படிப்பு முடிச்சு வேலைக்கும் போயாச்சு. மனை அப்படியே இருக்கு. இப்போ விக்க மாட்டேங்கிறார். "இன்னும் ஏறும்டா"ங்கிறார்!